அழிந்த தெருக்களை மீண்டும் கட்டியவர்: போலந்தின் கலை இயக்குநர் ஆலன் ஸ்டார்ஸ்கி

போலந்து சினிமாவில் ஒரு கலை இயக்குநரின் தொழில் வாழ்க்கை எப்படி உருவாகிறது, அதைப் புரிந்துகொள்ள யாருடைய படங்களைத் தொடர்ந்து பார்க்கலாம் என்று ஒரு நண்பர் கேட்டிருந்தார். அந்நாட்டு இயக்குநர்களையும் ஒளிப்பதிவாளர்களையும் நாம் அறிந்திருக்கும் அளவுக்கு, அந்தப் படங்களின் சுவர்களையும் தெருக்களையும் உருவாக்கியவர்களை அறிந்திருப்பதில்லை. ஆகவே இப்படி ஒரு கேள்வி வந்ததே எனக்கு மகிழ்ச்சி தந்தது. பல பெயர்களை அடுக்கிச் சொல்வதைவிட ஒருவரை எடுத்துக்கொண்டு அவருடைய வேலையை நெருங்கிப் பார்ப்பதுதான் பயனுள்ளது என்று நினைக்கிறேன். அந்த ஒருவர் ஆலன் ஸ்டார்ஸ்கி. 'ஷிண்ட்லர்ஸ் லிஸ்ட்' படத்துக்காக ஆஸ்கர் பெற்றவர் என்ற அளவில் அவரைச் சிலர் அறிந்திருக்கலாம். ஆனால் அந்த விருதுக்கு முன்னும் பின்னும் நீளும் அவரது வேலைகளைச் சேர்த்துப் பார்த்தால், ஒரே கேள்வியை அவர் பல கோணங்களில் தீர்த்துக்கொண்டே வந்திருப்பது தெரியும். ஒரு சம்பவம் நடந்த உண்மையான இடம் இன்று அந்த இடத்தைப் போல இல்லை என்றால், படத்தை எங்கே எடுப்பது என்பதே அந்தக் கேள்வி.

ஸ்டார்ஸ்கி 1943 ஜனவரி 1 அன்று, ஜெர்மன் ஆக்கிரமிப்பில் இருந்த வார்சாவில் பிறந்தார். அதே ஆண்டு ஏப்ரலில் அந்நகரின் கெட்டோவில், அதாவது யூதர்களைச் சுவர் எழுப்பி அடைத்து வைத்திருந்த பகுதியில், கிளர்ச்சி வெடித்தது. மே மாதம் அது நசுக்கப்பட்டபின் கெட்டோ இருந்த பகுதி தீயாலும் வெடிமருந்தாலும் தரைமட்டமாக்கப்பட்டது. 1944 இல் நகரம் முழுவதும் எழுந்த எழுச்சியும் தோற்ற பிறகு, மீதமிருந்த வார்சா கட்டடம் கட்டடமாகத் தகர்க்கப்பட்டது. 1945 ஜனவரியில் ஜெர்மானியர்கள் வெளியேறியபோது நகரின் ஏறத்தாழ 85 சதவீதம் இடிந்து கிடந்தது. ஆலனின் தந்தை லுட்விக் ஸ்டார்ஸ்கி யூதக் குடும்பத்தில் பிறந்தவர், போருக்கு முன்பே பெயர் பெற்ற பாடலாசிரியர், திரைக்கதையாசிரியர். போருக்குப் பின் போலந்தில் வெளியான முதல் முழுநீளக் கதைப்படமான 'தடைசெய்யப்பட்ட பாடல்கள்' அவர் எழுதியது. அது 1947 ஜனவரியில் திரைக்கு வந்தது. சினிமாப் பேச்சு நடக்கும் வீடு உள்ளேயும், இடிபாடுகளிலிருந்து எழுந்துகொண்டிருந்த நகரம் வெளியேயுமாக அந்தப் பிள்ளை வளர்ந்தது.

இந்த இரண்டாவது விஷயத்தைச் சற்று நின்று சொல்ல வேண்டும். வார்சாவின் பழைய நகரப் பகுதியை மீண்டும் கட்டியவர்களிடம், 18 ஆம் நூற்றாண்டில் அங்கு வாழ்ந்த இத்தாலிய ஓவியர் பெர்னார்டோ பெல்லோட்டோ வரைந்த தெருக்காட்சிகளும், போருக்கு முன் கட்டடக்கலை மாணவர்கள் எடுத்து வைத்திருந்த அளவு வரைபடங்களும் இருந்தன. அவற்றைப் பார்த்துப் பார்த்து ஒவ்வொரு முகப்பையும் எழுப்பினார்கள். 1980 இல் யுனெஸ்கோ அந்தப் பகுதியை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. ஓவியத்தையும் வரைபடத்தையும் கையில் வைத்துக்கொண்டு, இல்லாமல் போன தெருவை அதே இடத்தில் திரும்ப நிறுத்தும் வேலையை ஒரு நகரமே செய்துகொண்டிருந்த காலத்தில் வளர்ந்தவருக்கு, 'செட்' என்ற சொல் பொய்யான ஒன்றைக் குறிப்பதாக ஒருபோதும் தோன்றியிருக்காது. இது என் ஊகம்தான். ஆனால் அவரது படங்களைப் பார்க்கும்தோறும் இந்த எண்ணம் எனக்கு வலுப்பட்டே வந்திருக்கிறது.

அவர் வார்சா நுண்கலைக் கழகத்தில் உட்புறக் கட்டடக்கலை பயின்று 1969 இல் பட்டம் பெற்றார். போலந்தில் இந்தத் தொழிலுக்கு வருபவர்கள் பெரும்பாலும் ஓவியம், உள்வடிவமைப்பு, கட்டடக்கலை ஆகியவற்றில் ஏதேனும் ஒன்றைக் கற்றவர்களாகவே இருப்பார்கள். அங்கே கலை இயக்குநரை 'ஸ்செனோகிராஃப்' என்கிறார்கள். நாடக மேடைக்கும் திரைப்படத்துக்கும் அதே சொல்தான். நடிகரின் உடலைத் தவிர்த்து, திரையில் தெரியும் இடம் முழுவதற்கும் அவரே பொறுப்பு. எந்த இடத்தில் எடுப்பது, எதைக் கட்டுவது, சுவருக்கு என்ன நிறம், சன்னல் எந்தத் திசையைப் பார்க்க வேண்டும், அந்தச் சன்னலுக்கு வெளியே என்ன தெரிய வேண்டும் என்பதெல்லாம் அவர் மேசையில் முடிவாகும். அறைகளுக்குள் வரும் பொருட்களைத் தேடிச் சேர்த்து அடுக்க அவருக்குக் கீழே தனியாக ஓர் அலங்காரக் கலைஞர் இருப்பார். உடைக்குத் தனிக் கலைஞர் உண்டு. ஸ்டார்ஸ்கியின் மனைவி வியெஸ்வாவா ஸ்டார்ஸ்கா அத்துறையில் இருந்தவர், இயக்குநர் ஆந்த்ரே வய்தாவின் படங்கள் சிலவற்றில் கணவரோடு சேர்ந்தே வேலை செய்திருக்கிறார்.

அவர் தொழிலில் நுழைந்தபோது போலந்து சினிமா முழுவதும் அரசின் கையில் இருந்தது. நாம் லோட்ஸ் என்று எழுதினாலும் அந்நாட்டினர் வூச் என்று சொல்லும் நகரத்திலும், வ்ரோட்ஸ்வாவிலும், வார்சாவிலும் பெரிய படப்பிடிப்பு நிலையங்கள் இருந்தன. அவற்றில் தச்சர்கள், சிற்பிகள், வர்ணக்காரர்கள் நிரந்தரச் சம்பளத்தில் இருந்தார்கள். படங்களை உருவாக்கும் பொறுப்பு 'திரைப்படக் குழுக்கள்' என்ற அமைப்புகளிடம் இருந்தது. ஒவ்வொன்றுக்கும் ஒரு மூத்த இயக்குநர் தலைமை வகித்தார். பணமும் பொருளும் எப்போதும் பற்றாக்குறைதான், ஆனால் கைத்திறனுக்குக் குறைவில்லை. ஸ்டார்ஸ்கிக்கு முந்தைய தலைமுறையின் ரோமன் மன், 1957 இல் வெளிவந்த 'கனாவ்' படத்துக்காக வார்சாவின் சாக்கடைச் சுரங்கங்களைப் படப்பிடிப்பு நிலையத்துக்குள் கட்டினார். அந்தப் படத்தைப் பார்ப்பவர்களுக்கு நாற்றம் அடிப்பது போலவே இருக்கும். இப்படி ஒரு மரபுக்குள் வருகிறவருக்குப் போரையும் அழிவையும் திரையில் காட்டுவது ஒரு சிறப்புத் தகுதியாக இராது, அன்றாட வேலையாகவே இருக்கும்.

ஆந்த்ரே வய்தாவுடன் 1970களின் நடுவில் தொடங்கிய கூட்டுதான் ஸ்டார்ஸ்கியை உருவாக்கியது. வய்தா கிராக்கோவ் நுண்கலைக் கழகத்தில் ஓவியம் பயின்றுவிட்டு சினிமாவுக்கு வந்தவர். காட்சிகளைத் தாமே வரைந்து பார்க்கும் பழக்கம் உள்ளவர். அப்படிப்பட்ட இயக்குநரிடம் கலை இயக்குநராக இருப்பது எளிதல்ல, ஏனென்றால் நீங்கள் சொல்ல வருவதை அவர் ஏற்கெனவே வரைந்து வைத்திருப்பார். அவர் வரைந்த கோட்டைப் பணமில்லாத சூழலில் செங்கல்லாகவும் மரமாகவும் மாற்றிக் காட்டுவதில்தான் நம்பிக்கை பிறந்திருக்க வேண்டும். 'நிழல் கோடு' (1976) முதல் 'பான் ததேயுஷ்' (1999) வரை ஏறத்தாழ கால் நூற்றாண்டு அந்த நம்பிக்கை நீடித்தது.

அந்தக் கூட்டில் பிறந்தவற்றுள் நான் முதலில் பார்க்கச் சொல்வது 1977 இல் வெளிவந்த 'பளிங்கு மனிதன்'. 1950களில் உழைப்பு வீரனாகக் கொண்டாடப்பட்டு, பிறகு எந்தத் தடயமும் இல்லாமல் அழிக்கப்பட்ட பிர்குட் என்ற கொத்தனாரைப் பற்றி, 1970களில் ஒரு திரைப்படக் கல்லூரி மாணவி படம் எடுக்க முயல்கிறாள். கதை நடக்கும் இடம் கிராக்கோவுக்கு அருகில் எஃகு ஆலைக்காகவே எழுப்பப்பட்ட நோவா ஹூட்டா என்ற நகரம். இந்தப் படத்தில் கலை இயக்குநர் செய்ய வேண்டியிருந்தது அசாதாரணமான வேலை. ஸ்டாலின் காலத்துச் செய்திப்படங்களைப் போலவே ஒரு பிரசாரப் படத்தைக் கதைக்குள் புதிதாக உருவாக்க வேண்டும். அதற்குள் கொடிகள், பதாகைகள், உழைப்பாளர் உருவப்படங்கள் எல்லாம் அந்தக் காலத்தின் உற்சாகத்தோடு நிற்க வேண்டும். பிறகு அதே செங்கல் அடுக்கும் போட்டியை, கேமராவுக்குப் பின்னால் நின்று பார்த்தவரின் நினைவாக, வண்ணத்தில் இன்னொரு முறை காட்ட வேண்டும். ஒரே சுவர், ஒரே சாரம், ஆனால் இம்முறை அது ஏற்பாடு செய்யப்பட்ட கூத்து என்பது பார்வையாளருக்குத் தெரிய வேண்டும். ஒரே செட் இரண்டு உண்மைகளைச் சொல்ல வேண்டிய நிலை அது.

அந்தப் படத்தில் ஒரு காட்சியை மட்டும் நிறுத்திப் பார்க்கலாம். மாணவி வார்சாவின் தேசிய அருங்காட்சியகத்தில், பூட்டிக் கிடக்கும் சேமிப்பறைக்குள் நுழைகிறாள். முன்பு சதுக்கங்களிலும் அரங்குகளிலும் நின்றிருக்க வேண்டிய சோஷலிச யதார்த்தச் சிலைகள் அங்கே நெருக்கியடித்துக் கிடக்கின்றன. பிர்குட்டின் பளிங்குச் சிலையும் அவற்றோடு தரையில் கிடக்கிறது. அவள் அதன்மேல் கால் போட்டு அமர்ந்து, கைக்கேமராவைக் கீழ்நோக்கிப் பிடித்து அந்த முகத்தைப் படமெடுக்கிறாள். அந்தச் சிலை அந்தப் படத்துக்காகச் செய்யப்பட்டது. ஆனால் 25 ஆண்டுகளுக்கு முன் ஒரு சிற்பி முழு நம்பிக்கையோடு செதுக்கி, அதை மக்கள் அண்ணாந்து பார்த்து, பிறகு யாரோ கீழே இறக்கி மறைத்து வைத்தார்கள் என்ற மொத்த வரலாறும் அதைப் பார்த்த கணத்தில் நமக்குப் புரிந்துவிடுகிறது. சிலை சற்றுக் கேலியாகச் செய்யப்பட்டிருந்தால் அந்தக் காட்சி அங்கேயே செத்திருக்கும். அதை மெனக்கெட்டு, அந்தக் காலத்துச் சிற்பி செய்திருக்கக்கூடிய அதே தீவிரத்தோடு செய்திருக்கிறார்கள். கலை இயக்கத்தில் நேர்மை என்பது என்ன என்று யாராவது கேட்டால் நான் இந்தக் காட்சியைத்தான் காட்டுவேன்.

அதன் தொடர்ச்சியான 'இரும்பு மனிதன்' 1981 இல் கான் விழாவின் உயரிய விருதைப் பெற்றது. க்தான்ஸ்க் கப்பல் கட்டும் தளத்தில் தொழிலாளர் எழுச்சி முடிந்த சில மாதங்களிலேயே, அதே தளத்தில் எடுக்கப்பட்ட படம் அது. அங்கே இடம் தானாகவே பேசியது. அவ்வாண்டு டிசம்பர் 13 அன்று போலந்தில் ராணுவச் சட்டம் வந்தது. அடுத்த பெரிய படமான, பிரெஞ்சுப் புரட்சியைப் பற்றிய 'தான்தோன்' பிரான்ஸில் எடுக்கப்பட்டது. சொந்த நாட்டு நிலையங்களுக்கு வெளியே, அந்நிய நாட்டுத் தொழிலாளர்களோடு, பெரிய அளவில் வேலை செய்யும் அனுபவம் ஸ்டார்ஸ்கிக்கு அப்படித்தான் கிடைத்தது.

அதற்குப் பிந்தைய ஆண்டுகளில் அவர் கையில் எடுத்த படங்களின் வரிசையைக் கவனியுங்கள். 'சோபிபோரிலிருந்து தப்பித்தல்' (1987) என்ற தொலைக்காட்சிப் படத்துக்காக யூகோஸ்லாவியாவில் ஒரு வதைமுகாம் எழுந்தது. அக்னியெஷ்கா ஹாலந்தின் 'ஐரோப்பா ஐரோப்பா' வந்தது. 1990 இல் வய்தாவின் 'கோர்ச்சாக்' வந்தது. வார்சா கெட்டோவில் தம் அநாதை இல்லத்துப் பிள்ளைகளைக் கடைசிவரை விட்டுப் பிரியாத மருத்துவரின் கதை, ராபி முல்லரின் ஒளிப்பதிவில் கறுப்பு வெள்ளையில் எடுக்கப்பட்டது. முகாம், கெட்டோ, கறுப்பு வெள்ளை ஆகிய மூன்றையும் அவர் ஏற்கெனவே கையாண்டு முடித்திருந்தார். 1993 இல் ஸ்டீவன் ஸ்பீல்பெர்க் கிராக்கோவுக்கு வந்தபோது, தேவையான மனிதர் முழுத் தயாரிப்போடு அங்கே இருந்தார் என்றுதான் சொல்ல வேண்டும். அந்த ஆஸ்கரைத் திடீர் அதிர்ஷ்டமாகச் சிலர் எழுதும்போது எனக்கு வருத்தமாக இருக்கும்.

தம் தொழிற்சாலையில் வேலை கொடுத்து யூதர்களைக் காப்பாற்றிய ஜெர்மன் தொழிலதிபர் ஷிண்ட்லரைப் பற்றிய 'ஷிண்ட்லர்ஸ் லிஸ்ட்' கதை பெரும்பாலும் கிராக்கோவில் நடக்கிறது. அந்நகரம் வார்சாவைப் போல அழிக்கப்படவில்லை, எனவே எல்லாவற்றையும் நடந்த இடத்திலேயே எடுத்துவிடலாம் என்று தோன்றும். சில இடங்களில் அது முடிந்தது. லிபோவா தெரு 4 ஆம் எண்ணில் உள்ள ஷிண்ட்லரின் தொழிற்சாலை வெளிப்புறம் அசலானது. அவர் குடியிருந்த ஸ்ட்ராஷெவ்ஸ்கி தெரு வீடும் அப்படியே பயன்பட்டது. எனாமல் பாத்திரங்கள் உருவாகும் காட்சிகளுக்கு, அத்தகைய பாத்திரங்களைச் செய்துகொண்டிருந்த ஒல்குஷ் நகரத் தொழிற்சாலைக்குப் போனார்கள். ஆனால் கெட்டோ விஷயத்தில் சிக்கல் வந்தது. உண்மையான கெட்டோ விஸ்துலா ஆற்றின் தென்கரையில் போட்குஷே பகுதியில் இருந்தது. 50 ஆண்டுகளில் அங்கே புதிய கட்டடங்களும் மாற்றங்களும் வந்துவிட்டன. ஆற்றின் மறுகரையில், யூதர்கள் பல நூற்றாண்டுகள் வாழ்ந்து, பிறகு அங்கிருந்து துரத்தப்பட்ட காஷிமியெஷ் பகுதி 1993 இல் பராமரிப்பில்லாமல், காரை உதிர்ந்து, ஏறத்தாழப் பழைய உருவிலேயே கிடந்தது. ஆகவே கெட்டோ காட்சிகள் அங்கே எடுக்கப்பட்டன. யூஸெஃபா தெருவின் உள்முற்றத்தில், மரப் படிக்கட்டுகளும் நீண்ட தாழ்வாரங்களும் சூழ, கெட்டோ காலி செய்யப்படும் காட்சியின் ஒரு பகுதி நடக்கிறது. மக்களை எங்கிருந்து விரட்டினார்களோ அந்த இடமே, அவர்கள் விரட்டப்பட்டுப் போய்ச் சேர்ந்த இடமாகத் திரையில் நடித்தது. வரைபடத்தை வைத்துப் பார்த்தால் இது தவறு. சுவர்களின் வயதையும் வாசற்படிகளின் தேய்மானத்தையும் வைத்துப் பார்த்தால் இதைவிடச் சரியான முடிவு இருக்க முடியாது.

கெட்டோவிலிருந்து மக்களைக் கொண்டுபோய் அடைத்த ப்வாஷூஃப் நாஜி முகாம் இன்னும் கடினமான பிரச்சினை. உண்மையான முகாம் இருந்த மேட்டில் 1964 இல் எழுப்பிய பெரிய நினைவுச்சின்னம் நிற்கிறது; சுற்றிலும் புதிய குடியிருப்புகள் தெரிகின்றன; எல்லாவற்றுக்கும் மேலாக அது ஆயிரக்கணக்கானோரின் புதைநிலம். அங்கே ஆணியடிக்க யாருக்கும் மனம் வராது. ஆகவே அருகிலிருந்த லிபான் சுண்ணாம்புக்கல் குவாரியைத் தேர்ந்தெடுத்தார்கள். அந்தக் குவாரியும் குற்றமற்ற நிலமல்ல. போரின்போது போலந்து இளைஞர்களைக் கட்டாய உழைப்பில் அடைத்து வைத்த தண்டனை முகாம் அங்கே இருந்தது. அசல் முகாமின் வரைபடங்களைப் பெற்று, 34 தங்கும் கொட்டகைகளையும் 7 காவல் கோபுரங்களையும் அங்கே கட்டினார்கள். போலந்தில் ஒரு திரைப்படத்துக்காகக் கட்டப்பட்ட மிகப் பெரிய செட்டுகளில் அதுவும் ஒன்று. யூதக் கல்லறைகளிலிருந்து பெயர்த்த கற்களை நாஜிகள் முகாமின் பாதைக்குப் பரப்பியிருந்தார்கள். அந்தப் பாதையையும், எழுத்துகள் செதுக்கிய போலிக் கற்களைக் கொண்டு திரும்பப் போட்டார்கள். திரையில் அது சில விநாடிகள்தான் தெரிகிறது. முகாமின் மனநிலையை விளக்க எந்த வசனமும் தேவையில்லாமல் செய்துவிடும் விநாடிகள் அவை.

கறுப்பு வெள்ளைக்குச் செட் போடுவது பற்றி ஒரு சொல். வண்ணத்தில் எளிதாகப் பிரிந்து தெரியும் பச்சையும் சிவப்பும் கறுப்பு வெள்ளைப் பிலிமில் ஒரே சாம்பலாகிவிடக்கூடும். பழுப்பு நிறச் சுவரின் முன்னால் நிற்கும் முகம் சுவரோடு கரைந்துபோகும். இதற்காக ஸ்டார்ஸ்கி, காட்சியில் வரும் மனிதர்களைவிடச் சுவர்கள் ஒன்று அடர்த்தியாக இருக்க வேண்டும், அல்லது வெளிறியிருக்க வேண்டும் என்ற விதியைப் பின்பற்றினார். ஒளிப்பதிவாளர் யானுஷ் கமின்ஸ்கியின் வெளிச்சத்தை நாம் எல்லோரும் புகழ்கிறோம்; அந்த வெளிச்சம் போய் விழுந்த சுவர்கள் அதற்காகவே தீட்டப்பட்டவை என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். ஷிண்ட்லரின் இரவு விடுதிக் காட்சியின் பளபளப்பையும் கெட்டோ அறைகளின் சுண்ணாம்பு வெளுப்பையும் அடுத்தடுத்துப் பார்த்தால், நிறமே இல்லாமல் இரண்டு உலகங்களைப் பிரித்துக் காட்டியிருப்பது தெரியும்.

ஆஷ்விட்ஸ் காட்சிக்கு வேறு வகையான தீர்வு கிடைத்தது. ஆஷ்விட்ஸின் ஒரு பகுதியான பிர்கெனாவ் முகாமுக்குள் படமெடுப்பதை உலக யூதக் காங்கிரஸ் எதிர்த்தது. அங்கே மாண்டவர்களுக்குச் செலுத்த வேண்டிய மரியாதை அது. ஆகவே முகாமின் வாசலுக்கு வெளிப்புறத்தில், உட்புறம் போலவே செட் அமைத்து, வாசலை எதிர்த்திசையிலிருந்து பார்க்கும்படி கேமராவை வைத்தார்கள். திரையில் ரயில் முகாமுக்குள் நுழைகிறது. உண்மையில் அது வாசலுக்குள்ளிருந்து வெளியே வந்துகொண்டிருந்தது. ஒரு தடையை ஏற்றுக்கொண்டு, அந்தத் தடைக்குள்ளேயே வழி கண்டுபிடித்த இந்த முடிவை நான் மிகவும் மதிக்கிறேன். 1994 மார்ச்சில் நடந்த ஆஸ்கர் விழாவில் ஸ்டார்ஸ்கியும், அலங்காரக் கலைஞர் எவா பிரவுனும் சேர்ந்து கலை இயக்கத்துக்கான விருதைப் பெற்றார்கள். பிரவுனின் பெயரைப் பல கட்டுரைகள் விட்டுவிடுகின்றன. ஆனால் கொள்ளையடித்த பெட்டிகள், புகைப்படங்கள், மெழுகுவர்த்தித் தண்டுகள் குவிந்து கிடக்கும் அந்தக் கிடங்குக் காட்சியை நினைத்துப் பார்த்தால், பொருட்களை அடுக்குபவரின் பங்கு எவ்வளவு என்பது விளங்கும்.

இனி 'தி பியானிஸ்ட்' (2002). வார்சா கெட்டோவிலிருந்து தப்பி ஒளிந்து வாழ்ந்த யூதப் பியானோ கலைஞர் ஒருவரின் கதை. இங்கே நிலைமை நேர் எதிர். கிராக்கோவில் பழைய கட்டடங்கள் இருந்தன. வார்சாவின் கெட்டோ இருந்த இடத்தில் ஏறத்தாழ ஒன்றுமே இல்லை, பெரும்பாலும் போருக்குப் பின் கட்டிய குடியிருப்புகளே நிற்கின்றன. இயக்குநர் ரோமன் பொலான்ஸ்கி சிறுவனாகக் கிராக்கோவ் கெட்டோவிலிருந்து உயிர் தப்பியவர். கெட்டோவின் காட்சிகளை நினைவில் சுமப்பவர். ஸ்டார்ஸ்கி பிறந்த நகரமோ அந்தப் படத்தின் களம். நகரத்தைத் துண்டு துண்டாகச் சேர்த்தார்கள். விஸ்துலாவின் கிழக்குக் கரையில், அழிவுக்குத் தப்பிய பிராகா பகுதியின் தெருக்கள் சில காட்சிகளுக்குப் பயன்பட்டன. பெர்லினுக்கு அருகில் பாபெல்ஸ்பெர்க் படப்பிடிப்பு நிலையத்தில், வேறொரு படத்துக்காக ஏற்கெனவே கட்டியிருந்த பெர்லின் தெரு ஒன்று வார்சாவாக மாறியது. அங்கே கெட்டோவின் சுவரும் எழுந்தது. இடிபாடுகளுக்கு இன்னொரு இடம் தேவைப்பட்டது. கிழக்கு ஜெர்மனியின் யூட்டர்போக்கில், 1990களில் சோவியத் படை விட்டுச்சென்ற பாசறைக் கட்டடங்கள் கைவிடப்பட்டுக் கிடந்தன. படக்குழு அவற்றை உண்மையிலேயே உடைத்து, சிதைத்து, அழிந்த வார்சாவாக்கியது. 2001 பிப்ரவரியில் பனிக் குளிரில், படப்பிடிப்பே அந்த இடிபாடுகளிலிருந்துதான் தொடங்கியது.

நாயகன் ஒரு சுவரில் ஏறி மறுபக்கம் பார்க்கும்போது, கண்ணுக்கு எட்டும் தூரம் வரை ஓட்டைச் சன்னல்களோடு தெரு நீண்டு கிடக்கும் அந்தக் காட்சியை யாரும் மறந்திருக்க முடியாது. தொலைவைக் கணினியால் நீட்டியிருக்கிறார்கள். ஆனால் காலடியில் கிடக்கும் செங்கல், உடைந்த சட்டம், பனி எல்லாம் நிஜம். என்னைப் பொறுத்தவரை அதைவிட ஆழமானது, அவன் ஒளிந்திருக்கும் அறைகள்தான். முதல் அறையின் சன்னலுக்குக் கீழே கெட்டோ சுவர் தெரிகிறது. அவன் அங்கே நின்றபடி கிளர்ச்சியைப் பார்க்கிறான். இன்னொரு அறையில் பியானோ இருக்கிறது, ஆனால் சத்தம் கேட்டால் உயிர் போகும் என்பதால் விரல்கள் கட்டைகளுக்கு மேலே காற்றில் அசைகின்றன. கதை முன்னேற முன்னேற அவனுடைய உலகம் ஒரு குடும்ப வீட்டிலிருந்து ஒரு அறைக்கு, அறையிலிருந்து ஒரு பரணுக்குச் சுருங்குகிறது. அதே வேகத்தில் சன்னலுக்கு வெளியே நகரம் காலியாகிக்கொண்டே போகிறது. திரைக்கதையின் முதுகெலும்பே இங்கு கலை இயக்கம்தான். 2003 இல் பிரான்ஸின் சேசர் விருதுகளில் இப்படம் 7 விருதுகள் பெற்றது; கலை இயக்கத்துக்கான விருது அவற்றில் ஒன்று.

மற்ற படங்களைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 'பான் ததேயுஷ்' படத்துக்காக 19 ஆம் நூற்றாண்டுத் தொடக்கத்துப் பண்ணை மாளிகையின் மர உலகம் ஒன்றை எழுப்பினார். அந்தக் கட்டடங்கள் பிற்பாடு மேற்குப் போலந்தின் சிகோவோவுக்குப் போய்ச் சேர்ந்தன, மக்கள் அங்கே போய்ப் பார்க்கிறார்கள். பொலான்ஸ்கியின் 'ஆலிவர் ட்விஸ்ட்' (2005) படத்துக்காக பிராக் நகரத்தின் பாரந்தோவ் நிலையத்தில் பழைய லண்டனின் தெருக்கள் முழுதாக எழுந்தன. அங்கே சேற்றை மட்டும் தனியாகக் கவனியுங்கள், அதுவும் வடிவமைக்கப்பட்டதுதான். ஃபாத்தி அகினின் 'தி கட்' (2014) ஆர்மேனியர் படுகொலையைப் பற்றியது. மீண்டும் அழிந்துபோன ஓர் உலகம்.

வேலையைக் கற்க விரும்பும் ஒருவர் கடைசியாகப் பார்க்க வேண்டிய படம் என்று நான் சொல்வது, அளவில் மிகச் சிறியதான 'போக்வோஷியே' (2012). வ்வாதிஸ்வாவ் பாசிகோவ்ஸ்கி இயக்கியது. ஒரு போலந்துக் கிராமத்தில், போரின்போது பெயர்த்தெடுக்கப்பட்டுப் பாதைக்கும் முற்றங்களுக்கும் பரப்பப்பட்ட யூதக் கல்லறைக் கற்களை ஓர் இளம் விவசாயி ஒவ்வொன்றாகத் தோண்டியெடுத்து, விலை கொடுத்தும் வாங்கி, தன் கோதுமை வயலில் நட்டுவைக்கிறான். ஊர் அவனுக்கு எதிராகத் திரும்புகிறது. மாளிகை இல்லை, பழைய நகரம் இல்லை. ஒரு வீடு, ஒரு வயல், கற்கள். அந்தப் படத்தின் கலை இயக்கத்துக்கு 2013 இல் போலந்துத் திரைப்பட விருதான 'கழுகு' ஸ்டார்ஸ்கிக்குக் கிடைத்தது. லிபான் குவாரியில் 1993 இல் போலிக் கல்லறைக் கற்களைப் பாதைக்குப் பரப்பியவரும், ஏறத்தாழ 20 ஆண்டுகளுக்குப் பின் அதே வகைக் கற்களை நிமிர்த்தி வரிசையாக வயலில் நிறுத்தியவரும் ஒருவரே என்பதை அறிந்து பார்த்தால், அந்த வயல் காட்சி வேறு கனத்தோடு வந்து சேரும்.

கிராக்கோவுக்குப் போகும் வாய்ப்புக் கிடைத்தால் அந்தக் குவாரியையும் மேட்டிலிருந்து பாருங்கள். செட்டின் மிச்சங்கள் நெடுங்காலம் அங்கே கிடந்தன. துருவேறிய வேலிக் கம்பங்களும் புல் மூடிய போலிக் கல்லறைக் கற்களும், பழைய குவாரி இயந்திரங்களோடு கலந்து நின்றன. வழிகாட்டி இல்லாமல் வருபவர்கள் அவற்றை முகாமின் உண்மையான எச்சங்கள் என்று எண்ணி அமைதியாக நின்றுவிட்டுப் போனதும் உண்டு. உண்மையான ப்வாஷூஃப் அங்கிருந்து நடந்து போகும் தூரத்தில், புல்வெளியாக இருக்கிறது.